ஆக்ஸலாட்டல் தொட்டியைக் குளிர்விக்க எது: ஃபேனா, ஐஸ் பாட்டிலா, சில்லரா, ஏ.சி. அறையா?

ஆக்ஸலாட்டல் என்ற நீர்வாழ் சாலமாண்டரை (பல்லி போன்ற உருவமும் தவளையின் உறவும் உள்ள உயிர்) வளர்க்க நினைப்பவர்கள் முதலில் கேட்பது தொட்டி எவ்வளவு பெரிது, அடியில் மணல் போடலாமா, என்ன தீனி என்பதைத்தான். அவற்றில் பிசகினால் திருத்திக்கொள்ள நாள் கிடைக்கும். நீரின் சூட்டில் பிசகினால் கிடைக்காது. இந்த உயிருக்கு 16 முதல் 18 டிகிரி செல்சியஸ் வரையிலான நீர் ஏற்றது. 20 வரை சமாளிக்கும். 22ஐத் தாண்டி நாள்கணக்கில் நின்றால் தின்பது குறையும். 24க்கு மேல் போனால் நோயும் சாவும் பக்கத்தில் வந்துவிடும். ஆகவே அறை சூடாகும் வீட்டில் எடுக்க வேண்டிய முதல் முடிவு, நீரை எதைக் கொண்டு குளிர்விப்பது என்பதே. ஃபேன், ஐஸ் பாட்டில், பெல்டியர் கூலர் (மின்சாரம் பாய்ந்தால் ஒரு பக்கம் குளிரும் தகட்டைக் கொண்டது), கம்ப்ரஸர் சில்லர் (ஃபிரிட்ஜ் போல நீரைக் குளிர்விக்கும் கருவி), ஏ.சி. அறை என்று ஐந்து வழிகள் புழக்கத்தில் இருக்கின்றன. ஐந்துமே நீரைக் குளிர்விக்கும் என்பது உண்மைதான். எவ்வளவு குளிர்விக்கும் என்பதில்தான் மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசம்.

சூடு இதை ஏன் இப்படி வாட்டுகிறது

ஆக்ஸலாட்டல் மெக்சிகோ நகரின் தென்பகுதியில் உள்ள சோச்சிமில்கோ ஏரிக் கால்வாய்களின் உயிர். வெப்பமண்டலம்தான் என்றாலும் அந்த நிலம் கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, நீர் குளுமையானது. இதன் உறவினங்களான சாலமாண்டர்கள் பலவும் வளர்ந்ததும் வெளிச்செவுளை இழந்து தரையேறிவிடும். ஆக்ஸலாட்டலில் தைராய்டைத் தூண்டும் சமிக்ஞை பலவீனமாக இருப்பதால் அந்த உருமாற்றம் நடப்பதில்லை. இளம் உருவத்திலேயே இனப்பெருக்கப் பருவத்தை அடைகிறது. 1864இல் மெக்சிகோவிலிருந்து பாரிஸுக்குக் கொண்டுபோனவற்றின் குட்டிகளில் சில செவுள் சுருங்கித் தரைவாழ் சாலமாண்டர்களாக மாறியபோது ஐரோப்பிய விலங்கியலாளர்கள் திகைத்துப் போனார்கள். தொட்டி வைத்திருப்பவருக்கு இதிலிருந்து தெரிய வேண்டியது இதுதான்: சூடு தாங்காமல் கரையேறி ஈரச் சருகுக்குள் ஒளிந்துகொள்ளும் வழி இதற்குக் கிடையாது. நீர் எப்படியோ, உடம்பும் அப்படி.

நீர் சூடாகும்போது இரண்டு பக்கமிருந்தும் நெருக்கடி வருகிறது. 16 டிகிரி நீரில் லிட்டருக்கு அதிகபட்சம் 9.9 மில்லிகிராம் ஆக்சிஜன் கரையும். 26 டிகிரியில் 8.1 மட்டுமே. அதே பத்து டிகிரி ஏற்றத்தில் உடலின் ஆக்சிஜன் தேவையோ இரண்டு மடங்கை நெருங்குகிறது. வரவு குறைய, செலவு கூடுகிறது. அதனால்தான் சூடான தொட்டியில் இது அடிக்கடி மேலே வந்து காற்றை விழுங்கிவிட்டுப் போகும்.

விலங்கின் கழிவிலிருந்து நீரில் சேரும் அம்மோனியாவின் கணக்கு இன்னும் மோசம். சோதனைக் குப்பி காட்டுவது மொத்த அம்மோனியாவை. அதில் நஞ்சான பங்கு எவ்வளவு என்பதைப் பி.எச். அளவும் வெப்பநிலையும் தீர்மானிக்கின்றன. பி.எச். 8 உள்ள நீரில் 15 டிகிரியில் அந்தப் பங்கு சுமார் 2.7 சதவீதம், 25 டிகிரியில் 5.4 சதவீதம். குப்பியில் நிறம் மாறாமலே நஞ்சு இரட்டிப்பாகிறது. செவுளில் பஞ்சுபோல் வெள்ளையாகப் படரும் நீர்ப்பூஞ்சையும் பெரும்பாலும் இப்படி நலிந்த உடம்பில்தான் இடம்பிடிக்கிறது. மருந்தால் அது போனாலும், நீர் அதே சூட்டில் இருந்தால் திரும்ப வரும்.

செவுள்தண்டுகள் முன்னோக்கி வளைவது, வால்நுனி கொக்கிபோல் சுருள்வது, செவுளிழைகளின் செம்மை வெளிறுவது, புழுவை முகர்ந்துவிட்டு விலகிப்போவது ஆகியவை முதல் அறிகுறிகள். செவுள் முன்வளைவு வேகமான நீரோட்டத்தாலும் வரும். அதனால் எதையும் மாற்றுமுன் முதலில் தெர்மாமீட்டரைப் பாருங்கள்.

கருவி வாங்குமுன் அளக்க வேண்டியவை

முதல் அளவு, இடைவெளி. தொட்டியை நீர் நிரப்பி, விலங்கு எதுவும் விடாமல், ஆண்டின் சூடான நாட்களில் ஒரு வாரம் வையுங்கள். குறைந்தபட்சமும் அதிகபட்சமும் பதிவாகும் டிஜிட்டல் தெர்மாமீட்டரின் முனை நீருக்குள் இருக்கட்டும். அறை மதியம் சூடானால் தொட்டி சில மணி நேரம் கழித்துத்தான் உச்சத்தைத் தொடும். அந்தியிலும் முன்னிரவிலும் பார்க்காதவர்கள் உண்மையான உச்சத்தைத் தவறவிடுகிறார்கள். அந்த உச்சத்திலிருந்து 18ஐக் கழித்து வருவதுதான் இடைவெளி. எல்லா முடிவும் இந்த எண்ணில் இருக்கிறது.

இரண்டாவது, தொட்டிக்குள் வரும் வெப்பம். 80 செ.மீ. நீளம், 35 அகலம், 40 உயரம், சுமார் 100 லிட்டர் நீர் என்று ஒரு கண்ணாடித் தொட்டியை எடுத்துக்கொள்வோம். அறைக்கும் நீருக்கும் இடையே உள்ள ஒவ்வொரு டிகிரி வித்தியாசத்துக்கும் தோராயமாக 8 வாட் வெப்பம் உள்ளே வந்துகொண்டிருக்கும். வித்தியாசம் 10 டிகிரி என்றால் 80 வாட், இரவும் பகலும். நீருக்குள் மூழ்கிய பம்ப் இருந்தால் அது இழுக்கும் மின்சாரத்தில் பெரும்பகுதியும் நீரில் வெப்பமாகவே சேரும். வெளியே உட்காரும் ஏர் பம்ப்பால் ஓடும் ஸ்பாஞ்ச் ஃபில்டருக்கு இந்தக் குறை இல்லை.

பின்பக்கம், இரு பக்கவாட்டுகள், அடிப்பகுதி ஆகியவற்றில் 25 மி.மீ. தெர்மோகோல் ஒட்டி, மேலே மூடியும் இருந்தால் அந்த 8 வாட் ஏறக்குறைய பாதியாகிவிடும். இதைவிட மலிவான குளிர்விப்பு வேறில்லை. எந்த வழியைத் தேர்ந்தாலும் தெர்மோகோல் முதலில் வரட்டும். அடிப்பகுதிக்கு அழுத்தம் தாங்கும் கெட்டியான ரகம் தேவை. தொட்டியை நிரப்புமுன்பே அதை அடியில் விரித்துவிட வேண்டும்.

மூன்றாவது சோதனை ஃபேனை நம்பியிருப்பவர்களுக்கு. தெர்மாமீட்டர் முனையைச் சுற்றி ஒரு பஞ்சுத்திரியைக் கட்டி, அறைச்சூட்டில் இருக்கும் நீரால் நனைத்து, ஃபேன் காற்றில் பத்து நிமிடம் பிடியுங்கள். எண் இறங்கி ஓரிடத்தில் நிற்கும். ஆவியாதலால் நீரை அதற்குக் கீழே கொண்டுபோகவே முடியாது, எத்தனை ஃபேன் வைத்தாலும். காற்று 30 டிகிரியும் ஈரப்பதம் 50 சதவீதமும் என்றால் திரி 22இல் நிற்கும். ஈரப்பதம் 80 என்றால் 27இலேயே நின்றுவிடும். தொட்டி நீர் இந்தத் திரியைவிட ஓரிரண்டு டிகிரியாவது மேலேதான் இருக்கும், ஏனென்றால் திரிக்குக் கண்ணாடிச் சுவர் வழியே வரும் வெப்பம் இல்லை.

ஃபேன்

ஒரு லிட்டர் நீர் ஆவியாகும்போது ஏறத்தாழ 2,450 கிலோஜூல் வெப்பத்தை எடுத்துப்போகிறது. ஒரு நாளில் ஒரு லிட்டர் ஆவியானால் அது தொடர்ந்து 28 வாட்டை வெளியேற்றுவதற்குச் சமம். டிகிரிக்கு 8 வாட் உள்ளே வரும் நம் தொட்டியில் இது மூன்றரை டிகிரியைப் பிடித்துநிறுத்தும். தெர்மோகோல் ஒட்டிய தொட்டியில் இன்னும் கொஞ்சம் கூடுதலாக, திரி காட்டிய எல்லை வரை.

கணினியில் பயன்படும் 120 மி.மீ. ஃபேன் இரண்டு போதும். நேர் கீழாக அல்லாமல், நீர்ப்பரப்பை நீளவாக்கில் தடவிக்கொண்டு போகும்படி சாய்த்து வைக்க வேண்டும். மேலே கண்ணாடி மூடி இருக்கக் கூடாது, ஆனால் திறந்தும் விடக் கூடாது: ஆக்ஸலாட்டல் துள்ளி வெளியே விழும். கொசுவலை போன்ற கம்பி அல்லது பிளாஸ்டிக் வலையைச் சட்டமடித்துப் போடுங்கள். நீர்மட்டத்தை விளிம்புக்கு ஐந்து செ.மீ. கீழே வைத்து, கண்ணாடியில் ஒரு டேப் ஒட்டி அடையாளமிட்டால் தினமும் எவ்வளவு போகிறது என்பது தெரியும்.

போவது நீர் மட்டும். அதில் கரைந்த உப்புகள் தங்கிவிடும். நாளுக்கு ஒரு லிட்டர் குளோரின் நீக்கிய குழாய்நீரை ஊற்றி, வாரம் 25 லிட்டர் மாற்றினால், தொட்டியின் உப்புச் செறிவு குழாய்நீரைப்போல் சுமார் 1.3 மடங்கில் நிலைத்துவிடும். ஓரளவு கடினமான நீர் ஆக்ஸலாட்டலுக்குப் பிடித்ததே, எனவே இதில் ஆபத்தில்லை. நீரை மாற்றாமல் வெறுமனே ஊற்றிக்கொண்டே இருந்தால்தான் செறிவு ஏறிக்கொண்டே போகும். குழாய்நீரே மிகக் கடினமென்றால் ஊற்றுவதற்கு மட்டும் ஆர்.ஓ. நீர்.

ஃபேன் தோற்பது பெரும்பாலும் மூடிய சிறிய அறையில். ஆவியான நீர் அறையிலேயே தங்கி ஈரப்பதத்தை ஏற்ற, முதல் இரண்டு நாள் நன்றாக இறங்கிய வெப்பநிலை மூன்றாம் நாள் மெல்ல ஏறத் தொடங்கும். ஃபேன் பழுதாகிவிட்டது என்று எண்ணிவிடுவார்கள். சன்னலைத் திறந்தால் தெரிந்துவிடும்.

ஐஸ் பாட்டில்

ஒரு லிட்டர் உறைந்த பாட்டில் முழுக்க உருகித் தொட்டி வெப்பநிலைக்கு வரும்வரை எடுக்கும் வெப்பம் கிட்டத்தட்ட 450 கிலோஜூல். 100 லிட்டர் நீரை ஒரு டிகிரி இறக்க 419 கிலோஜூல் வேண்டும். ஆக, ஒரு பாட்டிலுக்கு ஒரு டிகிரி, அதுவும் வெளியிலிருந்து வெப்பம் வந்துகொண்டிருக்கும்போதே. ஐந்து டிகிரி இடைவெளியைப் பிடித்துநிறுத்த நாளுக்கு எட்டு பாட்டில், பத்து டிகிரிக்குப் பதினைந்துக்கு மேல். வீட்டு ஃப்ரீசர் இதற்கு ஈடுகொடுக்காது. ஈடுகொடுத்தாலும் இரவில் எழுந்து பாட்டில் மாற்ற ஆள் வேண்டும். தவறும் நாளில் வெப்பநிலை ரம்பப் பல்போல் ஏறி இறங்கும். அந்த ஏற்ற இறக்கமே விலங்கைத் தளர்த்துகிறது.

நிரந்தர ஏற்பாடாக இதைத் தேர்வதை நாம் ஒப்புவதில்லை. அவசரத்துக்கு ஃப்ரீசரில் நான்கு பாட்டில் எப்போதும் இருக்கட்டும். ஐஸாகும்போது பருமன் ஒன்பது சதவீதம் கூடுமாதலால் பத்தில் ஒரு பங்கு வெற்றிடம் விட்டு நிரப்புங்கள். ஐஸ்கட்டியை நேரே நீரில் போட வேண்டாம். குழாய்நீர் ஐஸ் என்றால் குளோரினும் சேர்ந்தே வரும்.

தற்காலிகமாகப் பத்து லிட்டர் டப்பில் வைத்திருப்பவர்கள் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். அங்கே அதே ஒரு லிட்டர் பாட்டில் நீரைப் பத்து டிகிரி இறக்கிவிடும். 200 மி.லி. பாட்டில் போதும், அதுவே இரண்டு டிகிரி.

பெல்டியர் கூலர்

சிறியது, சத்தமில்லாதது, அதனால் ஆசையைத் தூண்டுவது. ஆனால் 70 வாட் இழுக்கும் பெல்டியர் கருவி நீரிலிருந்து நகர்த்தும் வெப்பம் 25 முதல் 35 வாட் இருந்தாலே பெரிது. இடைவெளி கூடக்கூட அதுவும் குறையும். நம் தொட்டியில் இது இரண்டு ஃபேன் செய்யும் வேலை, பல மடங்கு மின்சாரத்தில். 20, 30 லிட்டர் தொட்டியில் இது எடுபடும். வளர்ந்த ஆக்ஸலாட்டல் ஒன்றுக்கு அந்தத் தொட்டி பற்றாது. தவிர்த்துவிடலாம்.

கம்ப்ரஸர் சில்லர்

ஃபிரிட்ஜ் வேலை செய்யும் அதே முறை. இழுக்கும் மின்சாரத்தைவிடக் கூடுதலான வெப்பத்தை இது நகர்த்தும். அறையின் ஈரப்பதம் பற்றிய கவலையும் இல்லை. தேர்வுக்கணக்கு எளிது: இடைவெளி பத்து டிகிரி என்றால் 80 வாட், பம்ப்புக்கு 20 சேர்த்து 100 வாட். குளிர்விக்கும் திறன் இதைப்போல் இரு மடங்கு உள்ள சில்லரை வாங்குங்கள், அதாவது 200 வாட். பெட்டியில் போட்டிருக்கும் மின்நுகர்வு வாட் வேறு, குளிர்விக்கும் திறன் வேறு. இரண்டாவதைத்தான் பார்க்க வேண்டும். பாதி நேரம் ஓய்வெடுக்கும் சில்லர் பல ஆண்டு உழைக்கும். ஓயாமல் ஓடும் சிறிய சில்லர், மிகச் சூடான வாரத்தில், மிகத் தேவையான நேரத்தில் கைவிடும்.

இணைப்பில் வரிசை முக்கியம்: தொட்டி, கேனிஸ்டர் ஃபில்டர் (தொட்டிக்கு வெளியே வைக்கும் மூடிய வடிகட்டி), அதன் பின் சில்லர், மீண்டும் தொட்டி. ஃபில்டருக்கு முன்னால் சில்லரை வைத்தால் கழிவும் சேறும் அதன் சுருள்குழாயில் படிந்து அடைக்கும். உறிஞ்சு குழாயின் வாயில் ஸ்பாஞ்ச் கட்டாயம். செவுளிழையும் விரல்களும் அந்தத் துளைகளுக்குள் இழுபட்டுக் காயமாகும்.

சில்லருக்கு நீர் வேகமாக ஓட வேண்டும்; ஆக்ஸலாட்டலுக்கு நீர் அசையாமல் இருக்க வேண்டும். சில்லர் வைத்தவர்கள் பெரும்பாலும் தடுமாறுவது இங்கேதான். வால்வைத் திருகி வேகத்தைக் குறைத்தால் சில்லர் சரியாக வேலை செய்யாது. வேகத்தைத் தொடாமல், திரும்பி வரும் நீரைச் சிதறடியுங்கள். தொட்டியின் முழு நீளத்துக்கும் ஸ்ப்ரே பார் (வரிசையாகத் துளைகள் உள்ள குழாய்) போட்டு, அதன் துளைகளைப் பின்கண்ணாடியைப் பார்த்துத் திருப்பினால் வேகம் சுவரில் மோதி அடங்கிவிடும். சரியாக அமைந்ததா என்று அறிய, தரையில் கிடக்கும் ஒரு இலைத் துணுக்கைப் பாருங்கள். அது நகர்ந்துகொண்டே இருந்தால் இன்னும் அடக்க வேண்டும்.

17 டிகிரியில் வையுங்கள். சில்லரின் சொந்த எண்ணை மட்டும் நம்பாமல் தொட்டியின் மறுகோடியில் தனி தெர்மாமீட்டர் ஒன்று இருக்கட்டும். சில்லர் வெளித்தள்ளும் சூடு அறைக்குத்தான் வருகிறது. கதவு மூடிய அலமாரிக்குள் வைத்தால் தன் சூட்டையே தான் உறிஞ்சித் திணறும். நாற்புறமும் ஒரு சாண் இடைவெளி விட்டு, மாதமொருமுறை காற்றுத் துவாரத்துத் தூசைத் துடையுங்கள். மின்சாரம் போய் வந்தால் கம்ப்ரஸர் உடனே கிளம்பாமல் சில நிமிடம் தாமதிக்கும் வசதி அதில் இருக்கிறதா என்று வாங்கும்போதே கேட்டுக்கொள்ளுங்கள்.

ஈரமான நாட்களில் குளிர்ந்த கண்ணாடி வியர்த்து நீர் வடியும். மரப்பலகை ஊதிப்போகும், மின்இணைப்பில் இறங்கினால் ஆபத்து. ஒவ்வொரு வயரும் பிளக்குக்குக் கீழே தொங்கி வளைந்து மேலேறும்படி இருந்தால் வழியும் நீர் அந்த வளைவிலேயே சொட்டிவிடும்.

ஏ.சி. அறை

நீருக்குள் எந்தக் கருவியும் வேண்டாம், எத்தனை தொட்டியானாலும் ஒரே செலவு என்பது இதன் பலம். அறையை 18இல் வைத்து மனிதர் வாழ்வது கடினம். அதற்குத் தேவையும் இல்லை: ஏ.சி. காற்றை உலர்த்துவதால் ஃபேன் நன்றாக வேலை செய்யத் தொடங்கும். அறை 23 டிகிரி, ஈரப்பதம் 50 சதவீதம் என்றால் நனைத்த திரி 16 அளவில் நிற்கும். தெர்மோகோல் ஒட்டிய தொட்டி, ஃபேனுடன், 19ஐ ஒட்டி இருக்கும். இந்தக் கூட்டணி நல்ல தேர்வு.

ஆனால் இரவில் மட்டும் ஏ.சி. ஓடும் அறை தொட்டிக்கு ஆகாத இடம். விடியலில் 20, அந்தியில் 27 என்று தினமும் ஊஞ்சலாடும் நீரைவிட, ஏ.சி. இல்லாத அறையில் சில்லர் வைப்பது மேல். இருபத்து நான்கு மணி நேரமும் ஏ.சி. ஓடப்போவதில்லை என்றால் இந்த வழியை விட்டுவிடுங்கள்.

ஃபிரிட்ஜில் வைப்பது பற்றி

5 முதல் 8 டிகிரியில் மூடியுள்ள டப்பில், தினமும் முழு நீரையும் அதே குளிர்ச்சியுள்ள நீரால் மாற்றி வைப்பது, நோயுற்ற விலங்கைச் சில நாள் காப்பாற்றக் கையாளும் முறை. செரிமானம் ஏறக்குறைய நின்றுபோகும் குளிர் அது. கோடையைக் கடத்தும் ஏற்பாடாக அதைக் கொள்ளக் கூடாது.

குளிர்வித்த பிறகு வரும் சிக்கல்

அம்மோனியாவை நைட்ரைட்டாகவும் நைட்ரேட்டாகவும் மாற்றும் பாக்டீரியாக்கள் 25 டிகிரிக்கு மேல்தான் சுறுசுறுப்பு, 17இல் மந்தம். ஆகையால் புதுத் தொட்டியின் பாக்டீரியாவை விலங்கு வருமுன், 25 முதல் 27 டிகிரியில் வளர்த்துக்கொள்ளுங்கள். லிட்டருக்கு 2 மில்லிகிராம் அம்மோனியா போட்டால் 24 மணி நேரத்தில் அம்மோனியாவும் நைட்ரைட்டும் பூஜ்யமாகும் நிலை வர நான்கு முதல் எட்டு வாரம் ஆகும். அதன்பின் 17க்கு இறக்கி, மறுபடி அதே அளவு அம்மோனியா போட்டுச் சோதியுங்கள். நைட்ரைட் மிஞ்சினால் இன்னும் காத்திருக்க வேண்டும். இந்த இரண்டாம் சோதனையைப் பலர் விட்டுவிடுகிறார்கள். சில்லர் போட்ட பிறகு தொட்டி கெட்டுவிட்டது என்று குழம்புவதற்குக் காரணம் அதுதான்.

விலங்கு ஏற்கெனவே சூடான நீரில் இருந்தால் நாளுக்கு ஒரு டிகிரி வீதம் இறக்குங்கள். தீனியும் மாறும்: 17இல் வளர்ந்த ஆக்ஸலாட்டலுக்கு வாரம் இரண்டு அல்லது மூன்று முறை மண்புழு போதும். சூடான நீரில் தந்த அளவையே தொடர்ந்தால் மிச்சம் அழுகும்.

எந்த இடைவெளிக்கு எது

மூன்று டிகிரிக்குள் என்றால், திரி 17ஐ ஒட்டி நின்றால், தெர்மோகோலும் ஃபேனும் போதும். மூன்றுக்கும் ஆறுக்கும் நடுவே இருந்தால், ஓயாமல் ஓடும் ஏ.சி. உள்ளவர் அதோடு ஃபேன் சேர்க்கலாம்; மற்றவர் சில்லர் பக்கம் போவதே நல்லது. ஆறைத் தாண்டினால் சில்லர்தான், அல்லது முழுநேர ஏ.சி.தான். இரண்டும் இயலாதென்றால் ஆக்ஸலாட்டல் வாங்காமலிருப்பதே அந்த உயிருக்குச் செய்யும் நல்லது. பத்து ஆண்டுக்கு மேல் வாழக்கூடியது. ஒரு கோடையைத் தாண்டிவிட்டால் போதும் என்று நினைத்து எடுக்க முடியாது.

மின்வெட்டுக் கணக்கையும் இப்போதே போட்டுவிடுங்கள். நம் 100 லிட்டர் தொட்டி, பத்து டிகிரி இடைவெளியில், தெர்மோகோல் இல்லாமல் முதலில் ஒன்றரை மணி நேரத்துக்கு ஒரு டிகிரி ஏறும். தெர்மோகோல் இருந்தால் மூன்று மணி நேரத்துக்கு ஒன்று. நான்கு மணி நேர வெட்டில் 17 என்பது முதல் தொட்டியில் 19ஐத் தாண்டும், இரண்டாவதில் 18ஐச் சற்றே கடக்கும். அதற்குள் உடனடித் தேவை குளிர்ச்சியைவிடக் காற்றுதான், ஏனென்றால் நின்றுபோன கேனிஸ்டருக்குள் பாக்டீரியா ஆக்சிஜனின்றிச் சாகத் தொடங்கும். பாட்டரியில் ஓடும் ஏர் பம்ப் ஒன்றும், அதில் பொருத்த ஏற்கெனவே தொட்டிக்குள் ஓடிப் பழகிய ஸ்பாஞ்ச் ஃபில்டர் ஒன்றும் தயாராக இருக்கட்டும். ஃப்ரீசர் பாட்டில்களை வெப்பநிலை 20ஐத் தொடும்போது எடுங்கள், ஒன்றன்பின் ஒன்றாக.